அண்ணன் கையால் ஒரு தம்ளர்

பெயர் ஞானசௌந்தரி. வயது 31. கணவர் தனசிங், காலமாகிவிட்டார். தொழில் தொடக்கப் பள்ளி ஆசிரியை. இருப்பு இரும்புலியூர், ரயில்வே கேட்டுக்கு மேற்கே இரண்டாவது தெரு. 1966 நவம்பர் 21ஆம் தேதி காவல் நிலையத்தில் விசாரித்தபோது சொன்னது:

என் கணவர் தாம்பரத்தில் டைப்ரைட்டிங் பயிற்சி நிலையம் நடத்தி வந்தார். அவருக்கு வயிற்றுப் புண் உண்டு. கட்சியின் நகரச் செயலாளர் கங்காதரனை நாங்கள் அண்ணன் என்போம். ரயில்வே கேட்டில் சுரங்கப்பாதை கேட்டு உண்ணாவிரதம் இருக்க வேண்டும் என்று அவர் வீட்டுக்கு வந்து என் கணவரிடம் சொன்னார். நான் வயிற்றுப் புண்ணைச் சொன்னேன்.

"எனக்குத் தெரியாதாம்மா? நாலாம் நாள் நானே வந்து ஜூஸ் குடுத்து முடிச்சு வைக்கிறேன்" என்றார்.

அதன்பின் பந்தல் போடப்பட்டது. கட்சிக்காரர் ரங்கன் காவலுக்கு இருந்தார். "இன்னா சார், எளச்சிகினே போற, மாப்ள கணக்கா கீற" என்று சிரிப்பார். என் கணவரும் சிரிப்பார்.

மூன்றாம் நாள் ரத்தமாக வாந்தி எடுத்தார். டாக்டர் உடனே ஆகாரம் கொடுக்கச் சொன்னார். நான் கொடுத்தேன். என் கணவர் வாங்கவில்லை. "அண்ணன் கையாலதான் சௌந்தரி. நாளைக்கு வந்துடுவார்" என்றார்.

நான்காம் நாள் மாலை அண்ணன் போட்டோகிராபருடன் வந்தார். சாத்துக்குடி ஜூஸை அவர் கையில் கொடுத்தேன். தம்ளரை என் கணவர் பக்கமாக நீட்டினார். படம் எடுத்தார்கள். அதன்பின் மைக்கைப் பிடித்துப் பேசினார். என் கணவர் முழங்கையை ஊன்றித் தலையைத் தூக்கியிருந்தார். அவர் பார்வை தம்ளரோடு போய் வந்தது.

பேச்சின் நடுவே அண்ணன் அதைக் குடித்தார். மேடையில் சோடா குடிப்பது போல.

"உயிரே போனாலும் எழுந்திருக்க மாட்டேன் என்று தம்பி தனசிங் என்னிடம் சொல்லிவிட்டார்" என்று பேசினார். என் கணவர் அப்படி எதுவும் சொல்லவில்லை. கைதட்டினார்கள். என் கணவர் தலையைக் கீழே வைத்துக்கொண்டார்.

அண்ணன் தம்ளரை என்னிடம் திருப்பிக் கொடுத்தார். "சக்கரை கொஞ்சம் தூக்கல்மா. ரெண்டு நாள் பொறுத்துக்கோ, மந்திரி வர்றாரு." இன்னொரு தம்ளர் கொண்டுவருகிறேன், நில்லுங்கள் என்றேன். ஜீப் புறப்பட்டுவிட்டது. அதன்பின் நான் பால் கொடுத்துப் பார்த்தேன். உதட்டை இறுக்கிக்கொண்டார்.

மறுநாள் காலை இறந்தார்.

அடக்கம் முடிந்து நான் கல்லறைத் தோட்டத்தைவிட்டு வெளியே வரும்போது, அண்ணன்தான் சட்டசபை வேட்பாளர் என்று வாசலில் ஒலிபெருக்கியில் அறிவித்துக்கொண்டிருந்தார்கள்.

நேற்று ரங்கன் வந்தார். "அண்ணன் நீட்னாரு, சார்தான் வேணாம்னாருன்னு சொல்லிடுக்கா. பேப்பர்ல அப்டித்தான் வந்துகீது. உன் வேலைன்னு ஒண்ணு கீது பாரு" என்றார். தலையைக் குனிந்துகொண்டே சொன்னார்.

பேப்பரில் வந்த படத்தில் தம்ளர் அண்ணன் கையில் இருக்கிறது. அது சரிதான். அதற்கு அடுத்த நிமிடத்துக்குப் படம் இல்லை.

இதை எனக்கு வாசித்துக் காட்டினார்கள். அண்ணன் குடித்தார் என்று நான் சொன்ன இடத்தில், வாங்கிக்கொண்டார் என்று எழுதியிருந்தது. அடித்து எழுதச் சொன்னேன். இரண்டாவது தடவை கேட்டபின் அடித்து எழுதினார்கள். அடித்த இடத்திலும் என் கையெழுத்து இருக்கிறது. மற்றவையெல்லாம் நான் சொன்னபடியே. உண்மை.

(ஒப்பம்)
த. ஞானசௌந்தரி