சத்தம் வராத நிச்சயதாம்பூலம்

செல்வக்குமார்: ...அதான் சொல்லுதேன்லா பிரியா, வீடியோ எடுத்த ஜெபசிங் அண்ணாச்சி அன்னைக்கு மைக்க மறந்துட்டாரு. நம்ம நிச்சயதாம்பூல வீடியோவுல சத்தமே கிடையாது. விடு.

சண்முகப்ரியா: அண்ணாச்சிகிட்டயே கேட்டேன். அவரு கம்ப்யூட்டர்ல மேளச் சத்தம் காதைப் பிளக்குதாம்.

செல்வக்குமார்: அது... கம்ப்யூட்டர்லா.

சண்முகப்ரியா: உங்க ஃபோன்ல பிளேயர் என்ன சொல்லுது, வாசிங்க.

செல்வக்குமார்: "இந்த ஆடியோ வகையை இயக்க முடியாது." பாத்தியா, அதுவே கையை விரிச்சிட்டு.

சண்முகப்ரியா: அதுக்குத்தான் கோடக்னு தனியா ஒரு சின்ன சாஃப்ட்வேர் இருக்கு. இறக்கி பிளேயர்ல சேத்தா சத்தம் வந்துரும்.

செல்வக்குமார்: ஏட்டி, கண்டதையும் இறக்காத. வைரஸ் வரும்.

சண்முகப்ரியா: போன வாரம் நீங்க திருட்டுத்தனமா இறக்குன படத்துல வராத வைரஸா?

செல்வக்குமார்: அது... நல்ல படம்.

சண்முகப்ரியா: கல்யாணத்துக்குப் பெறவு பிஎட் படிக்க வைப்போம்னு சபையில சொன்னது எங்கம்மா காதுல விழுந்திருக்கு. மேளச் சத்தத்துல யாரு குரல்னு தெரியல. நீங்க இல்லவே இல்லங்கிய. நான் அந்நேரம் உள்ள நீங்க கொண்டாந்த சேலையக் கட்டிக்கிட்டு இருந்தேன்.

செல்வக்குமார்: எங்கப்பா அப்படிச் சொல்லவே இல்ல.

சண்முகப்ரியா: மாமா அன்னைக்கு வாயத் தொறந்ததே பந்தியிலதான். அவங்கள யாரு சொன்னா?

செல்வக்குமார்: உங்க சித்தப்பா எதாவது உளறியிருப்பாரு.

சண்முகப்ரியா: அப்ப சத்தம் வந்தா உங்களுக்கு என்ன நட்டம்?

செல்வக்குமார்: நட்டம்னு இல்ல... மெமரி அடைச்சுக்கிடும்.

சண்முகப்ரியா: உங்க ஃபோன்ல இருக்க குட்மார்னிங் படத்தையெல்லாம் அழிங்க. எடம் தாராளமாக் கெடைக்கும்.

செல்வக்குமார்: சரி, ஞாயித்துக்கெழம பொறுமையாப் பாப்போம்.

சண்முகப்ரியா: அட்மிஷன் இன்னைக்குச் சாயந்தரத்தோட முடியுது.

செல்வக்குமார்: ...அப்படியா? எனக்குத் தெரியவே தெரியாதே.

சண்முகப்ரியா: மூஞ்சியப் பாத்தாலே தெரியுது.

செல்வக்குமார்: கேளு பிரியா. காலேஜு பனவடலிசத்திரம் தாண்டி இருக்கு. காலையில பஸ்சுல ஏற முடியாது. தெனமும் யாரு கொண்டு விட? எனக்கு அந்நேரம் கண்ணே தொறக்காது.

சண்முகப்ரியா: ஆக, உங்க தூக்கத்துக்காக நான் படிக்கக் கூடாது. எனக்கு எவ்வளவு ஆத்திரம் வருது தெரியுமா?

செல்வக்குமார்: தூக்கத்த ஒத்துக்கிடுதேன். ஆனா சபையில எங்காளுக ஒருத்தரும் வாக்குக் குடுக்கல. சத்தம் வராம நீ எப்படி நிரூபிப்ப?

சண்முகப்ரியா: என் ஃபோன்ல நேத்தே கோடக் போட்டுட்டேங்க. தட்டு மாத்துனதும் மைக்கப் புடுங்கி, "பிரியா பிஎட் படிக்கட்டும், தெனமும் நானே வண்டியில கொண்டு விடுதேன்"னு சொன்னது நீங்கதான். மாமாவுக்கும் போட்டுக் காமிச்சாச்சு. வாசல்ல உங்க வண்டியத் தொடச்சு வச்சிக்கிட்டு நிக்காங்க, கெளம்புங்க.