பதிலுக்கு முன் ஒட்டிய மௌனம்

ஒருநாள் டீத்தூள் எடுக்கப் போய் எடிட்டிங் அறையின் மேல்தட்டில் இருந்த ஃபிலிம் டப்பாவைத் தள்ளிவிட்டேன். எதையாவது தட்டிவிடாமல் நான் ஒரு காரியமும் செய்ததில்லை. இந்த நாட்டின் முதல் எடிட்டர் என்று என்னைப் பற்றி எழுத வந்திருக்கிறீர்கள், இதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். மூடி கழன்று, சுருள் அவிழ்ந்து என் மனைவியின் காலடிவரை ஓடியது. அவள் அதை எடுத்து விளக்கில் பிடித்துப் பார்த்தாள். தொழில் பழக்கம்.

எங்கள் சினிமா அப்போதுதான் தவழ ஆரம்பித்திருந்தது. தையல்கடையில் கத்தரி பிடித்தவன் என்ற தகுதியே போதுமென்று என்னை எடிட்டிங் அறைக்குள் தள்ளிவிட்டார்கள். என் முதல் படத்துக்கு அவள்தான் கதாநாயகி. எங்களுக்குக் கல்யாணமான புதிது. அவள் நடிப்பதைப் பார்த்துவிட்டு டைரக்டர் என்னிடம், "இவங்களை இனிமே வீட்ல பிடிச்சு வைக்க முடியாதுப்பா" என்றார். பாராட்டாகத்தான் சொன்னார். நான் அன்றிரவே கத்தரியை எடுத்தேன்.

பெரிதாக ஒன்றும் செய்யவில்லை. கதாநாயகன் கேள்வி கேட்பான், அவள் பதில் சொல்வாள். நடுவில் அவள் சும்மா விழித்துக்கொண்டிருக்கும் ஃபிலிம் துண்டு ஒன்றை ஒட்டினேன். ஒரு மூச்சு அளவுக்கு மௌனம். எல்லாக் கேள்விக்கும் அப்படியே. படம் முழுக்க மந்தபுத்திக்காரியாகத் தெரிந்தாள். தியேட்டரில் விழுந்து விழுந்து சிரித்தார்கள். டைரக்டர்கூட அவளைத்தான் குறை சொன்னார். கத்தரிக்கு அப்படியொரு சக்தி உண்டென்று அன்றைக்கு நாட்டிலேயே எனக்கு மட்டும்தான் தெரியும்.

அவள் அழுதாள். நான்தான் தேற்றினேன். நடிப்பு எல்லாருக்கும் வராது என்று பக்குவமாக எடுத்துச் சொன்னேன். பிறகு துண்டுகளை ஒட்டும் வேலைக்கு அவளை என்னோடு சேர்த்துக்கொண்டேன். ஜன்னல் இல்லாத அறை. தூசு வரக் கூடாதென்று கதவையும் சாத்திவைப்போம். பத்து இருபது வருஷம், மற்ற நடிகைகளின் முகங்களைப் பிசிறில்லாமல் ஒட்டினாள். கடைக்காரர் என்ன வேண்டுமென்று கேட்டால்கூடத் தயங்குவாள். நானே அவளுக்காகப் பதில் சொல்லிவிடுவேன். எனக்கு எவ்வளவு அலுப்பாக இருந்தாலும் கோபித்துக்கொண்டதில்லை.

கைவைப்பதற்கு முன் அவள் காட்சிகளுக்கு ஒரு பிரதி எடுத்து வைத்திருந்தேன். எரிக்க மனம் வரவில்லை. அவள் இல்லாதபோது போட்டுப் பார்ப்பேன். அருமையாக நடித்திருப்பாள். சில இடங்களில் எனக்குக் கண் கலங்கிவிடும்.

டப்பா விழுந்த அன்று அவள் அந்தச் சுருளை மெஷினில் மாட்டி, கடைசிவரை ஓட்டிப் பார்த்தாள். திட்டுவாள் என்று காத்திருந்தேன். நானாகத்தான் எல்லாவற்றையும் சொன்னேன், உன்மேல் வைத்த பிரியத்தில் செய்தது என்றும் சொன்னேன். பெரிய நடிகையாகியிருந்தால் என்னை விட்டுப் போயிருப்பாய்தானே என்று கேட்டேன்.

அவள் செருப்பை மாட்டிக்கொண்டு கதவைத் திறந்தாள்.

"போயிருக்க மாட்டேங்க. ஷூட்டிங்ல நடந்ததையெல்லாம் தினமும் வந்து உங்ககிட்டதான் சொல்லியிருப்பேன். இப்பதான் போறேன்."