இருபத்தேழு வீடியோவும் ஒரு மாலையும்

...பேராம்மா இது? இந்தா என் போனு, நீயே படி. ‘பி.ஜி.எம். சீரோ டூ ஃபிக்ஸ்’. மனுஷன் வைக்கிற பேரா? என் மக லோஷினி கல்யாணத்த லைவ்ல போட்டாங்களே, அந்த ரெக்கார்டிங்கக் கேட்டா, வீடியோக்கார ஜீவன் இருபத்தேழு துண்டா அனுப்பிட்டான். ‘தாலி கட்டு’, ‘சாப்பாடு’ன்னு வெச்சா கை தேஞ்சா போயிடும்? இதப் பாரு, தேதி ரெண்டாயிரம் ஜனவரியாம். அலமாக்! அப்ப எனக்கே கல்யாணம் ஆகல லா!

கேட்டா, கேமராவுல கடிகாரம் செத்துப் போச்சாம். பி.ஜி.எம்.னா லைவ்ல ஊரே பார்த்ததாம். ஐ.எஸ்.ஓ.ன்னா ஒவ்வொரு கேமராவும் தனித்தனியா புடிச்சதாம். ‘டர்ட்டி’ன்னு ஒண்ணு... நல்லா வாயில வந்துச்சு எனக்கு! படத்து மேல எழுத்து ஓடுறதுக்கு அப்படித்தான் பேராம். அதுலயும் பாரு, மாப்பிள்ள பேரு என் வீட்டுக்காரர் தலைக்குக் கீழ ஓடுது.

கொஞ்சம் நகர்ந்து ஒக்காரும்மா. பஸ்ஸு உலு திராம் தாண்டியாச்சு, நான் எறங்குற கோத்தா திங்கி வர்றதுக்குள்ள இந்த வீடியோவுல ஒரே ஒரு எடம் கெடைக்கணும் எனக்கு. என் தம்பி காளியப்பன், பொண்ணுக்குத் தாய்மாமன், மூணு மாசமா பேச மாட்டேங்கிறான். மேடையில மாலை போட அவன யாரும் கூப்பிடலையாம். என் கொழுந்தன் ரூபேந்திரன விட்டுப் போட வெச்சுட்டேனாம். நான் மைக்குல மூணு தடவ கத்துனேன்! ‘சாட்சியோட வர்றேன்டா, பஸ் ஸ்டாண்டுக்கு வா’ன்னு மெசேஜ் போட்டுட்டுத்தான் ஏறியிருக்கேன். கூடப்பொறந்தது அவன் ஒருத்தன்தான்மா. தீபாவளிக்கு அவன் இல்லாம கறி சமைச்சேன், அவன் பங்க அப்படியே எடுத்து வெச்சேன்.

பி.ஜி.எம்.ல சரியா அந்த நேரம் பார்த்து மேளச் சத்தம். ஒண்ணும் கேக்கல. இந்தா, ஐ.எஸ்.ஓ. த்ரீ. மேடைக்குப் பக்கத்துல வெச்சது போல. அமுக்கு... சவுண்ட ஏத்து. அதோ நான், அரக்குச் சேலை! கேளு... ‘காளியப்பன் எங்க? எங்கயாச்சும் தின்னுக்கிட்டு நிப்பான். ரூபேந்திரா, நேரமாவுது, நீ போடுப்பா...’

மைக்கு எங்கன்னு கேக்குறியா? கையில இருக்கிறது வெத்தலத் தட்டு.

இரு... பின்னாடி யாரு அது, மாலையோட? நிறுத்து, நிறுத்து.

ஐயோ, எனக்குப் பின்னாடியே நின்னிருக்கான்மா. போட்டோவுல நல்லா இருக்கணும்னு கண்ணாடிய கழட்டிப் பையில போட்டிருந்தேன். பூக்கடை ஆளுன்னு நெனச்சு ‘தள்ளி நில்லுங்க’ன்னு வேற சொல்றேன் பாரு. அவனும் மாலையோட தள்ளி நிக்கிறான். என் தம்பிய நானே தள்ளி நிக்கச் சொல்லியிருக்கேன்மா!

என்ன, பஸ் ஸ்டாண்டு வந்துருச்சா? அதோ, மோட்டார் பக்கத்துல நிக்கிறான் பாரு. பாவி, எனக்கும் சேர்த்து ரெண்டு ஹெல்மெட் கொண்டாந்திருக்கான். எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டு எறங்குவேன்... ஏம்மா, எங்க எந்திரிச்சுட்ட? ஏய்! இத அழிக்கறதுக்கு எத அமுக்கணும்னு சொல்லிட்டாவது போ!