கானுக்குள் படுத்த ரஞ்சன் அண்ணை

“...உள்ளுக்க நிண்டா கூரை விழுந்து சாவியள்! வெளிய ஓடுங்கோ! கானுக்குள்ள படுங்கோ!”

எங்களோடு வன்னியில் இருந்த ரஞ்சன் அண்ணை கத்துகிறார். சைரன் ஒரே சுருதியில் ஊதுகிறது. டெக்சாஸ், ஆலன் ஊரின் கடைசித் தெரு. அதற்கப்பால் வெறும் புல்வெளி. ஞாயிறு மாலை. என் வீட்டில் ஜெபக்கூட்டம். பாதிப் பாட்டில் இருந்தோம். வானம் பச்சையாகிவிட்டது.

என் கால் வாசலைத் தாண்டிவிட்டது. நான் யோசிக்கவில்லை. இலங்கைப் போரில், வன்னியில் பழகிய கால். அங்கே குண்டு போடும் கிபிர் விமானத்தை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. “அவன் வாறான்” என்போம். அவ்வளவுதான். வீட்டை விட்டு ஓடுவோம். பதுங்குகுழியில் விழுவோம்.

அங்கே ஒருநாளும் அண்ணை இப்படித்தான் கத்தினார். எல்லாரும் குழிக்குள் விழுந்தோம். அவர் மனைவி மதி மட்டும் வீட்டுக்குத் திரும்பினாள். பிள்ளை தொட்டிலில் கிடந்தது. மதியைப் பிடிக்க என் தம்பி பின்னால் ஓடினான். முதலில் இரைச்சல். பிறகு ஓசையே இல்லை. பிறகு கூரை விழுந்தது. அண்ணை எழப்பார்த்தார். நாங்கள் நாலு பேர் அவரை அமுக்கிப் பிடித்திருந்தோம்.

“ஆன்ட்டி, இது குண்டு இல்லீங்க! டொர்னேடோ! பாத்ரூமுக்குள்ள வாங்க!”

பிரியா. பக்கத்து வீட்டுத் திருப்பூர்ப் பெண். என்னை உள்ளே இழுத்துப் போட்டாள். சுழற்காற்றுக்கு ஜன்னல் இல்லாத அறைதான் தஞ்சம். இங்கே எல்லாம் தலைகீழ்.

மற்றவர்கள் உள்ளே வந்துவிட்டார்கள். அண்ணை வரவில்லை. கதவால் பார்க்கிறேன்: பின்வேலிக்கு அப்பால், கானுக்குள், அந்த வடிகாலில் குப்புறக் கிடக்கிறார். ஆலங்கட்டி கொட்டுகிறது. தண்ணீர் ஏறுகிறது.

பிரியா வெறுங்காலோடு ஓடினாள்.

“எந்திரிங்க அங்கிள்!”

“நீ போ பிள்ளை. நான் கூரைக்குக் கீழ வரமாட்டன்.”

“அப்ப நானும் இங்கயே படுத்துக்கறேன். தள்ளிப் படுங்க!”

படுத்தேவிட்டாள். அண்ணை பதறி எழுந்தார். அவளை இழுத்துக்கொண்டு ஓடிவந்தார்.

பாத்ரூமில் ஒருவர்மேல் ஒருவர். நூறு லாரி வீட்டுமேல் ஏறுகிறது. காது அடைக்கிறது. அண்ணை கண்ணை மூடிக் கதவோரம் குந்தியிருக்கிறார். பிறகு அமைதி.

வெளியே வந்தோம்.

போனவற்றை எழுதிவைக்கிறேன். மறக்கக்கூடாது. வன்னியில்: மதி. தொட்டில் பிள்ளை. என் தம்பி. ஆலனில்: என் வீட்டுக் கூரையில் பாதி. பிரியாவின் கார். வேலி முழுவதும். எதிர்வீடு அப்படியே படுத்துவிட்டது. புதிதாகக் குடிவந்தவர்கள். இன்னும் பெயர்கூடக் கேட்டுக்கொள்ளவில்லை. உள்ளே யாரோ தட்டுகிறார்கள். மெதுவாக. நிற்கிறது. மறுபடி தட்டுகிறார்கள்.

சைரன் திரும்பவும் ஊதுகிறது.

“உள்ள வாங்கோ அண்ணை!” இந்த முறை கத்தியது நான்.

அண்ணை தெருவைக் கடந்தார். குனிந்தார். சரிந்த கூரைக்குக் கீழே நுழைந்தார்.