உயிரோடு இருக்கிற வேடம்

“...இந்த முறையும் என்னைச் சாக்காட்டிப்போட்டாங்கள், ரெஜினா அக்கா. பத்து வருசத்தில இது அஞ்சாவது சாவு.”

ரொக்ஸ்பரோ ரயிலில் எனக்கு முன் இருக்கையிலிருந்த பெண்தான் பக்கத்திலிருந்தவரிடம் அப்படிச் சொன்னாள். நாங்கள் புலம்பெயர்ந்து வாழும் இந்த நகரத்துக்கு வந்து எடுக்கிற அமெரிக்கத் தொடர்களில் துணை வேடம் போடுகிறவள் என்பது கேட்கக் கேட்கத்தான் விளங்கியது.

“ஆரோ அனுப்பின கசெட்டில நான் செத்ததைப் பாத்திட்டு, மன்னாரில மாமி உண்மையெண்டு நம்பி, என்ரை ஆத்துமத்துக்குப் பூசை ஒப்புக்குடுத்திட்டா.”

“கிடக்கட்டுமடி, அடுத்த சாவுக்கு உதவும்.”

“பகிடியை விடுங்கோ அக்கா. இப்ப ஒரு நீதிபதி வேடம் கேட்டிருக்கிறன். கடைசி வரைக்கும் உயிரோட இருக்கிற ஆள். இண்டைக்குச் சொல்லுறமெண்டவை. இதுவும் இல்லையெண்டா நடிப்பை விட்டிட்டுக் கார்டெரியில, பிள்ளையள் காப்பகத்தில, பிள்ளை பாக்கப் போறன்.”

“பிள்ளையளுக்கும் செத்துக் காட்டுவாய்.”

இருவரும் சிரித்து முடிக்கவில்லை, கைத்தொலைபேசி அடித்தது. அவள் காதில் வைத்துக் கேட்டாள். அக்காவின் கையை இறுக்கிப் பிடித்தாள்.

“கிடைச்சிட்டுதோ?” என்று அக்கா வாயை மட்டும் அசைத்தார்.

கண்ணீர் வழிய வழிய ஓமென்று தலையாட்டினாள். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு, “நாளைக்கு யோசிச்சுச் சொல்லுறன்” என்று ஆங்கிலத்தில் மிடுக்காகச் சொல்லி, தொலைபேசியை மூடினாள்.