வீராசாமி கையால் சேனை

ஜெயம்மாள்: கைய நீட்டேன்யா... பச்சப்புள்ள, கடிச்சிடவா போவுது?

வீராசாமி: வேணாம் ஜெயா. வேற யாருனா வைக்கட்டும்.

கங்கையம்மாள்: அப்பிடிச் சொல்லாதீங்கண்ணா. கூரத்துலேர்ந்து பச்ச உடம்போட பஸ் ஏறி வந்தேன். பொறந்த அன்னிக்கே நாக்குல வைக்க வேண்டிய சக்கரத்தண்ணி... உங்க கையாலதான்னு நிறுத்தி வச்சிருக்கேன்.

ஜெயம்மாள்: சேனையில இருந்தவரு கையால சேனை! பொருத்தத்த பாரேன்!

வீராசாமி: சும்மா இருடி.

கங்கையம்மாள்: சேனை வைக்கிறவங்க குணம் புள்ளைக்கு வரும்பாங்க. பங்களாதேஷ் சண்டையில, அடிபட்டவர முதுகுல சுமந்துக்கினு குண்டுக்கு நடுவுல வந்தீங்களாமே! பேப்பர்ல போட்டோ பார்த்தேன்... யப்பா, உடம்பே சிலுத்துப்போச்சு.

வீராசாமி: அதனாலதாம்மா வேணாங்குறேன். என் குணம் வந்துடப் போவுது.

கங்கையம்மாள்: வரட்டும்னுதானே...

வீராசாமி: கருட சேவைக்கு வேட்டு போட்டாங்களே, அப்ப நான் எங்க இருந்தேன்? சொல்லு ஜெயா.

ஜெயம்மாள்: ...அவங்ககிட்ட எதுக்குய்யா அது?

வீராசாமி: தறிக்குழியில, நெய்யறப்ப கால் வுடற பள்ளத்துல. தலைமேல கைய வச்சிக்கினு. வேட்டியிலேயே மூத்திரம் போயிட்டேம்மா.

ஜெயம்மாள்: யோவ்!

வீராசாமி: இருடி, சொல்லிடறேன். தூக்கினு வந்தேனே... அவன் பாதி வழியிலேயே செத்துட்டான். தெரியாம தூக்கினு வந்துட்டேன். வீரன், வீரன்னு கூப்புடறப்பல்லாம் அவன் திரும்ப முதுகுல ஏறிக்கிறாம்மா. எனக்கு பயமா இருக்குது.

ஜெயம்மாள்: ஐயோ, நீ எதுக்கு கண்ணு அழுவுற? ஏமாந்து போயிட்டியா? குடு, புள்ளைய நான் புடிச்சிக்கறேன்.

கங்கையம்மாள்: ஏமாறலக்கா. இவர கையெடுத்துக் கும்புடணும் போல இருக்குது.

வீராசாமி: பயந்தாங்கொள்ளியையா?

கங்கையம்மாள்: எங்கண்ணனும் சீனாக்காரன் சண்டைக்குப் போயி மெடலோட வந்தவருதாண்ணா. ஊரே மாலை போட்டுது. கெணத்தாண்ட கால் வழுக்கி உள்ள விழுந்து செத்துட்டாருன்னு எல்லாருக்கும் சொன்னோம்... வழுக்கலண்ணா. இப்ப நீங்க சொன்னீங்களே, பயமா இருக்குதுன்னு... அந்த ஒரு வார்த்தைய எங்ககிட்ட சொல்ல அவருக்கு நாக்கு வரல. எம்புள்ளைக்கு வரணும். வைங்கண்ணா.