தெரியாது என்னும் விடை

அவைக்குத் தலைமை ஏற்றிருக்கும் அன்புக்குரிய செல்வரட்ணம் அண்ணை அவர்களே, இந்த வாசிகசாலையை வாழவைக்கும் பெரியோர்களே, என் கணவரிடம் கற்ற பிள்ளைகளே, அடுப்பை அணைத்துவிட்டு ஓடிவந்த அருமைத் தாய்மாரே, பிள்ளையாரை நினைந்து உங்கள் முன் நிற்கிறேன்.

என் கணவரை, கணினி கற்ற கலாநிதி பஞ்சலிங்கம் என்று புகழ்ந்தீர்கள். கண்ணீரோடு கேட்டிருந்தேன். என்ன வேலை செய்தார் அந்த மனிதர்? போரினால் மின்சாரம் போன நெல்லியடியில், கணினியே இல்லாமல், கடதாசியில் கணினிக்குத் தர்க்க நியாயம் கற்பித்தார்.

அது என்ன வேலை என்று, அரிசி புடைத்துக்கொண்டே ஒருநாள் கேட்டேன்.

"உண்மையளையும் விதியளையும் சொல்லிவிட்டால், அதுவே யோசிச்சு மறுமொழி தரும். ஒரே கேள்வியை எப்ப கேட்டாலும் ஒரே மறுமொழி" என்றார்.

"நாங்கள் சொல்லாத ஒண்டைக் கேட்டால்?"

"இல்லையெண்டு சொல்லும்."

"உதுக்கு ஏன் மெஷின்? எதைக் கேட்டாலும் இல்லையெண்டு சொல்ல எங்கடை சங்கக்கடை மனேச்சர் காணுமே."

சிரிக்கிறீர்கள். அவரும் சிரித்தார். பிறகு சொன்னார்: "இஞ்சாரும், தெரியாததை இல்லையெண்டு சொல்லக்கூடாதப்பா. தெரியாதெண்டு சொல்லப் பழக்கவேணும். என்ரை வேலை அதுதான்."

அந்த வேலையை எழுதி எடுத்துக்கொண்டுதான், கொழும்புக்கென்று கிளாலிக் கடலேரியில் வள்ளம் ஏறினார். வள்ளம் அக்கரை சேரவில்லை. அவர் உடலைக் கண்டவர் உண்டா? அவர் விழக் கண்டவர் உண்டா? ஒருவருமில்லை. ஆனாலும் ஆண்டு திரும்புமுன் அந்தியேட்டி என்று சாவுச் சடங்கு செய்யச் சொன்னீர்கள். பொட்டை அழிக்கச் சொன்னீர்கள். இன்று நினைவுக்கூட்டம் என்று அழைத்து, அவர் படத்துக்கு மாலையும் போட்டுவிட்டீர்கள்.

பின்வரிசையில், "பாவம், உவவுக்கு ஆரும் எடுத்துச் சொல்லுங்கோவன்" என்பது கேட்கிறது. அருந்ததி மச்சாள், சொல்லாத ஆளில்லை. அன்பினால் சொல்கிறீர்கள், அறிவேன். ஆனால் எந்தப் பிழையைத் திருத்த அவர் இரவு பகலாக உழைத்தாரோ, அந்தப் பிழையை அவர் மீதே செய்வதா? அதை நானே செய்வதா?

அவர் உயிரோடிருக்கிறார் என்று நான் வாதாட வரவில்லை. விளக்கேற்றும்போது வாசலைப் பார்ப்பேன். வாசல் வெறுமையாகவே கிடக்கும். அழுவேன். என் அழுகை எதற்கும் சாட்சியாகாது, தாய்மாரே. உங்கள் மாலையும் சாட்சியாகாது.

தலைவர் அண்ணை, அந்த மாலையைக் கழற்றிவிடுங்கள். இறைவன் அறிந்ததை நாம் அறிந்ததாகச் சொல்லவேண்டாம்.

வருவாரா என்று கேட்பீர்கள். தெரியாது. நாளைக்குக் கேட்டாலும் என் விடை இதுதான்.

பொறுமையோடு கேட்டிருந்த உங்கள் எல்லோருக்கும் நன்றி கூறி, இரு கரம் கூப்பி வணங்குகிறேன்.